சுவைத்துப் பார்த்துச் சரக்கு வாங்குவோம்!
பூதலூர் வணிகர்களுக்கு ஒரு நாள் கொல்லிமலைப் பயண யோசனை



மளிகைக் கடைக்கு வருகிற வாடிக்கையாளர்கள் கேட்கும் கேள்வி மாறிவிட்டது. முன்பெல்லாம் "மிளகு காரமாக இருக்குமா?" என்று மட்டும் கேட்பார்கள். இப்போது "இது எந்த ஊர் மிளகு? தேன் எங்கிருந்து வருகிறது? சாமை எப்போது குத்தியது?" என்று கேட்கிறார்கள். "நல்ல சரக்குதான், நம்பி வாங்குங்கள்" என்று நாமும் சொல்லி விடுகிறோம். ஆனால் திருச்சி காந்தி மார்க்கெட்டிலோ தஞ்சையிலோ மொத்தக் கடையில் மூட்டையைப் பிரித்துப் பார்த்ததற்கு மேல் நமக்கே அந்தச் சரக்கின் பூர்வீகம் தெரியாது.

விலையைக் குறைத்துப் பெரிய சூப்பர் மார்க்கெட்டுகளோடும், கைபேசியில் ஆர்டர் எடுத்து வீட்டுக்கே அனுப்பும் நிறுவனங்களோடும் போட்டி போடுவது நம்மைப் போன்ற சிறு கடைக்காரர்களுக்கு இயலாத காரியம். அவர்கள் லாரி லாரியாகக் கொள்முதல் செய்கிறார்கள். நாம் மூட்டைக் கணக்கில் வாங்குகிறோம். ஆனால் ஒன்றில் மட்டும் நாம் அவர்களை மிஞ்ச முடியும். கல்லாவில் உட்கார்ந்திருப்பவரே, "இந்த மிளகு காய்ந்த களத்தை நான் பார்த்திருக்கிறேன். அங்கேயே வாயில் போட்டுப் பார்த்துத்தான் வாங்கினேன்" என்று சொல்ல முடியுமானால், அந்தச் சொல்லுக்கு ஈடான விளம்பரம் வேறில்லை. அப்படிச் சொல்லும் தகுதியை ஒரே நாளில் எப்படிப் பெறுவது என்பதே இக்கட்டுரையின் நோக்கம்.

இத்தாலியில் என்ன செய்கிறார்கள்?

இத்தாலி நாட்டில் டஸ்கனி என்றொரு பகுதி. அங்கே குன்றுகளின் உச்சியில் சிறு சிறு ஊர்கள். சரிவுகளில் திராட்சைத் தோட்டங்கள். புளோரன்ஸ் நகரத்திலிருந்து காலையில் எட்டு பேர் உட்காரும் சிறு வேன்கள் புறப்படுகின்றன. இரண்டு மூன்று குன்றூர்களைப் பார்த்து, ஒரு தோட்டத்தில் இறங்கி, அங்கே செய்த திராட்சை மதுவைச் சிறிது சிறிதாகச் சுவைத்துப் பார்த்து, தோட்டத்துக்காரர் வீட்டிலேயே மதிய உணவு உண்டு, மாலையில் நகரத்துக்குத் திரும்பி விடுகிறார்கள். போகும்போது வெறுங்கையோடு போனவர்கள் வரும்போது சரக்கோடு வருகிறார்கள்.

இது பொழுதுபோக்குக்காக மட்டும் வந்த ஏற்பாடு என்று எண்ணிவிட வேண்டாம். 1950, 60-களில் அந்தக் குன்றூர்களில் வாரத்துக்குப் பயிரிட்ட குடியானவர்கள் பிழைப்புக்காகக் கூட்டம் கூட்டமாக நகரங்களுக்குப் போய்விட்டார்கள். பல வீடுகள் பூட்டிக் கிடந்தன. 1985-ஆம் ஆண்டு இத்தாலிய அரசு ஒரு சட்டம் கொண்டுவந்து, விவசாயி தன் வீட்டிலேயே விருந்தினரைத் தங்கவைக்கவும், தன் விளைபொருளைச் சமைத்துப் பரிமாறவும் வழி செய்தது. 1993-இல் தோட்டக்காரர்கள் ஒன்றுகூடி, ஆண்டில் ஒரு நாள் தங்கள் மதுக்கிடங்குகளை எல்லோருக்கும் திறந்துவிடும் வழக்கத்தைத் தொடங்கினார்கள். மக்கள் வந்தார்கள், சுவைத்தார்கள், வாங்கினார்கள்.

பெயரைக் காப்பதிலும் அவர்கள் கெட்டிக்காரர்கள். கியாந்தி என்ற மது எந்த எல்லைக்குள் விளைந்ததாக இருக்க வேண்டும் என்று 1716-ஆம் ஆண்டிலேயே அரச ஆணை பிறந்திருக்கிறது. 1924-இல் அவ்வூர் உற்பத்தியாளர்கள் சங்கம் அமைத்து, கருப்புச் சேவலைத் தங்கள் முத்திரையாக வைத்துக்கொண்டார்கள். அந்த முத்திரை இன்றும் விற்கிறது.

மது நமக்கு வேண்டாம். அந்த முறை நமக்கு வேண்டும். சிறு குழுவாகப் போவது, விளையும் இடத்திலேயே சுவைப்பது, விளைவித்தவரிடமே வாங்குவது, ஊர்ப் பெயரை நாணயமாகக் காப்பது ஆகிய நான்கும்தான் அதன் சாரம்.

சுவைத்து விலை வைப்பது நமக்கும் புதிதல்ல. நீலகிரியில் குன்னூர் தேயிலை ஏலத்துக்கு வரும் சரக்கை, ஏலத்துக்கு முன்பே வரிசையாகக் கோப்பைகளில் வடித்து, நிறம் பார்த்து, மணம் பார்த்து, ஒரு வாய் உறிஞ்சித் துப்பிவிட்டுத்தான் தரகர்கள் மதிப்புப் போடுகிறார்கள். ஒரு பானைச் சோற்றுக்கு ஒரு சோறு பதம் பார்க்கும் நம் வீட்டுப் பெண்மணிகளும் அதைத்தான் செய்கிறார்கள். மூட்டை மூட்டையாக வாங்கும் நாம் மட்டும் ஏன் செய்யக் கூடாது?

ஏன் கொல்லிமலை?

நம் பூதலூரிலிருந்து விடியுமுன் புறப்பட்டு இரவுக்குள் திரும்பக்கூடிய தொலைவில், மளிகைக்கு வேண்டிய சரக்கு பல விளைகிற மலை கொல்லிமலை. நாமக்கல் மாவட்டத்தில், கடல் மட்டத்திலிருந்து ஏறத்தாழ 1,000 முதல் 1,300 மீட்டர் உயரத்தில் உள்ளது. கடையெழு வள்ளல்களில் ஒருவரான வல்வில் ஓரி ஆண்ட மலை. வாழவந்தி நாடு, வளப்பூர் நாடு, சேலூர் நாடு என்று 14 நாடுகளாகப் பிரிந்து, இன்று அவை 14 ஊராட்சிகளாக உள்ளன. மலையாளி என்னும் பழங்குடி மக்களே பெரும்பான்மையோர்.

மிளகு, காபி, பலா, மலைவாழை, அன்னாசி, தேன், சாமை, தினை, கேழ்வரகு என்று நம் கடைக்குத் தேவையான பல சரக்குகள் இங்கே விளைகின்றன. இங்குள்ள ஒரு மாற்றத்தையும் நாம் அறிந்துகொள்ள வேண்டும். சேகோ ஆலைகளுக்கு மரவள்ளிக்கிழங்கு தேவைப்பட்டதால், சாமையும் தினையும் விளைந்த நிலங்கள் பலவும் மரவள்ளிக்கு மாறிவிட்டன. சாமையை உரலில் இடித்து உமி நீக்குவது பெண்களுக்குப் பெரும் பாடு. விற்றால் விலையும் இல்லை. எம்.எஸ். சுவாமிநாதன் ஆராய்ச்சி நிறுவனம் 1990-களிலிருந்து இங்கே பணி செய்து, சிறுதானிய விதைகளைக் காக்கவும், உமி நீக்கும் இயந்திரங்களை ஊர்களுக்குக் கொண்டுவரவும், மலைப் பெயரிலேயே பொட்டலமிட்டு விற்கவும் உதவியது. 2023-ஆம் ஆண்டை ஐக்கிய நாடுகள் சபை சிறுதானிய ஆண்டாக அறிவித்த பிறகு கேட்பார் கூடியிருக்கிறார்கள். நகரத்தில் நாம் வாங்கி விற்றால்தான் மலையில் விதைப்பார்கள் என்பதை மறக்க வேண்டாம்.

எப்போது, எப்படிப் போவது?

மிளகு அறுவடை தை முதல் பங்குனி வரை நடக்கும். காபிப் பழம் பறிப்பது கார்த்திகையில் தொடங்கித் தையில் முடியும். ஆகவே பொங்கல் வியாபாரம் முடிந்து, நம் பகுதியில் சம்பா அறுவடையும் ஓய்ந்த மாசி மாதத்து ஞாயிற்றுக்கிழமை ஒன்று பொருத்தமான நாள். பலாப்பழம் வேண்டுவோர் சித்திரைக்குப் பிறகு போகலாம். ஆடி 17, 18 தேதிகளில் வல்வில் ஓரி விழாவுக்கும் ஆடிப்பெருக்குக்கும் பெருங்கூட்டம் வரும். சரக்குப் பார்க்க அது ஏற்ற சமயமல்ல.

எட்டுப் பேர் போதும். ஐம்பது பேர் பேருந்தில் போய் இறங்கினால் அது சுற்றுலா ஆகிவிடும். எந்த விவசாயியும் ஐம்பது பேரைக் களத்தில் நிற்கவைத்துப் பேச முடியாது. எட்டுப் பேருக்கு ஒரு வேன். வாடகையை எட்டாகப் பிரித்தால் ஆளுக்கு அதிகம் வராது. மலையோட்டத்தில் பழக்கமுள்ள ஓட்டுநராகப் பார்த்து அமர்த்துங்கள்.

அதிகாலை 4 மணிக்குப் புறப்பட்டால் திருச்சி, முசிறி, தொட்டியம் வழியாக நாமக்கல் சேரலாம். முசிறி வரையிலும் அதற்கு மேலும் காவிரிக் கரையை ஒட்டிய பாதை. நாமக்கல்லிலிருந்து சேந்தமங்கலம் வழியாக அடிவாரத்துக் காரவள்ளி. அங்கிருந்து 70 கொண்டை ஊசி வளைவுகள். வயிறு நிறையச் சாப்பிட்டுவிட்டு ஏறாதீர்கள்; எலுமிச்சம்பழம் கையில் இருக்கட்டும். வளைவுகள் ஒத்துக்கொள்ளாதவர்களுக்கு முள்ளுக்குறிச்சி வழியாக வேறொரு மலைப்பாதையும் உண்டு. இடையில் நின்று போனாலும் 10 மணிக்குள் மேலே சேர்ந்துவிடலாம்.

மேலே ஏறியதும் முதலில் சோளக்காடு. அங்குள்ள சந்தையைச் சுற்றிப் பார்த்து அன்றைய விலை நிலவரத்தைத் தெரிந்துகொள்ளுங்கள். உடனே வாங்க வேண்டாம். அடுத்து செம்மேடு. அங்கிருந்து ஏதேனும் ஒரு சிற்றூருக்குப் போய் ஓரிரு தோட்டங்களைப் பாருங்கள். எந்தத் தோட்டம் என்பதை முன்கூட்டியே தொலைபேசியில் பேசி வைத்துக்கொள்வது நல்லது. நேரம் இருந்தால் அரப்பளீஸ்வரரைத் தரிசித்து வரலாம். ஆகாய கங்கை அருவிக்கு ஆயிரம் படிகளுக்கு மேல் இறங்கி ஏற வேண்டும்; வியாபார நோக்கில் போகிறவர்களுக்கு ஒரே நாளில் அது சேராது. மாலை 4 மணிக்குள் இறங்கத் தொடங்கிவிட வேண்டும்.

சரக்கை எப்படிச் சோதிப்பது?

மிளகு: சில்வர் ஓக் மரங்களில் கொடியேற்றி வளர்க்கிறார்கள். சுமார் 3 கிலோ பச்சை மிளகு காய்ந்தால் 1 கிலோ கருமிளகு கிடைக்கும். எங்கே காயவைக்கிறார்கள் என்று பாருங்கள். வெறும் மண்ணில் காய்ந்ததில் தூசியும் பூஞ்சையும் சேரும். பாயிலோ தார்ப்பாயிலோ சிமென்ட் களத்திலோ காய்ந்தது சுத்தம். பச்சை மிளகைக் கொதிநீரில் ஒரு நிமிடம் முக்கியெடுத்துக் காயவைத்தால் சீக்கிரம் காய்வதோடு நிறமும் ஒரே சீராகக் கருக்கும். கையில் அள்ளிக் குலுக்கினால் கலகலவென்று ஒலிக்க வேண்டும். இரண்டு மணிகளைக் கடித்துப் பாருங்கள்: முதலில் மணம், பிறகு காரம் ஏற வேண்டும். காரம் மட்டும் இருந்து மணம் இல்லையென்றால் பழைய சரக்கு.

ஒரு லிட்டர் அளவுப் பாத்திரத்தையும் தராசையும் எடுத்துச் செல்லுங்கள். ஒரு லிட்டர் மிளகு 550 கிராமுக்குக் குறையாமல் நின்றால் முதல் தரம். குறைந்தால் பொக்கு அதிகம் என்று பொருள். தண்ணீரில் போட்டால் திரண்ட மிளகு அடியில் தங்கும். பப்பாளி விதை மிதக்கும். பொக்கு மிளகும் மிதக்கும் என்பதால், மிதப்பதையெல்லாம் கலப்படம் என்று சொல்லிவிடாமல் எடுத்து நசுக்கிப் பாருங்கள். அளவுக்கு மீறிப் பளபளத்து மண்ணெண்ணெய் வாடை வந்தால் கனிம எண்ணெய் பூசியிருக்கிறார்கள் என்று சந்தேகிக்கலாம்; அதை வாங்கவே கூடாது.

காபி: கொட்டையில் பூச்சி துளைத்த ஓட்டையும், கருத்த கொட்டையும் எவ்வளவு என்று ஒரு பிடி அள்ளி எண்ணிப் பாருங்கள். ஒரு சிறு அளவை அங்கேயே வறுத்து அரைத்து, சிக்கரி, பால், சர்க்கரை எதுவும் சேர்க்காமல் ஒரு வாய் குடியுங்கள். புளிப்பும் கசப்பும் அளவாக இருந்து, மண் வாடையோ புகை வாடையோ இல்லாதிருப்பது நல்லது. நம் கடையில் சிக்கரி கலந்து விற்பதானால், காபி 51 சதவீதத்துக்குக் குறையாமல் இருக்க வேண்டும் என்பது உணவுப் பாதுகாப்பு விதி. இரண்டின் சதவீதத்தையும் பொட்டலத்தில் அச்சிட வேண்டும். தூளில் சிக்கரி இருக்கிறதா என்று பார்க்க ஒரு தம்ளர் குளிர்ந்த நீரில் தூவினால் போதும்: காபி மிதக்கும், சிக்கரி நிறத்தை விட்டுக்கொண்டு அடியில் இறங்கும்.

தேன்: இதில்தான் நம்மில் பலர் ஏமாறுகிறோம். தீக்குச்சியை நனைத்து உரசுவது, தண்ணீரில் சொட்டு விடுவது, நாய் நக்குமா என்று பார்ப்பது ஆகிய எதுவும் உறுதியான சோதனை அல்ல. இப்போது கலப்பதற்கென்றே தயாராகும் சர்க்கரைப் பாகு இந்தச் சோதனைகளையெல்லாம் தாண்டிவிடும். 2020 டிசம்பரில் டெல்லியைச் சேர்ந்த அறிவியல், சுற்றுச்சூழல் மையம் வெளியிட்ட ஆய்வில், சோதித்த 13 வணிகப் பெயர்களில் 10 உயர்நிலைச் சோதனையில் தேறவில்லை என்று கூறியது. சம்பந்தப்பட்ட நிறுவனங்கள் சில அதை மறுத்தன. ஆக, உறுதியாக அறிய ஆய்வுக்கூடம் வேண்டும். அல்லது எடுக்கும்போதே பார்க்க வேண்டும். தேன் உறைந்து சர்க்கரை போல ஆவது இயற்கையே. அது கலப்படத்துக்கு அடையாளமல்ல. ஈரப்பதம் 20 சதவீதத்துக்கு மேல் போகக் கூடாது. மெழுகு மூடாத அறைகளிலிருந்து எடுத்த தேன் நீர்த்திருக்கும். சில வாரங்களில் நுரைத்துப் புளிக்கும். மூடிய அடையிலிருந்து எடுத்ததா என்று கேட்டு வாங்குங்கள். காட்டுத் தேன் சேகரிக்கும் உரிமையை 2006-ஆம் ஆண்டு வன உரிமைச் சட்டம் பழங்குடி மக்களுக்குத் தந்திருக்கிறது. அவர்களிடமோ அவர்களுடைய கூட்டுறவுச் சங்கத்திலோ வாங்குவதே முறை.

சாமை, தினை: குத்தி எத்தனை நாளாயிற்று என்பதே முதல் கேள்வி. தவிடு நீக்காத அரிசியில் எண்ணெய்ச் சத்து உண்டு. நாள்பட்டால் சிக்கு வாடை அடிக்கும். நாலு மணியை மென்று பாருங்கள். கசந்தால் பழையது. மதிய உணவுக்குச் சாமைச் சோறே ஆக்கித் தரும்படி முன்பே சொல்லிவைத்து, அதற்குரிய பணத்தைக் கொடுத்துவிடுங்கள். உண்டு பார்த்தவர்தான் வாடிக்கையாளருக்கு "ஒன்றுக்கு இவ்வளவு தண்ணீர் வையுங்கள்" என்று சொல்ல முடியும்.

கூட்டாக வாங்குவதன் லாபம்

ஒரு கடைக்கு 15 கிலோ மிளகு என்றால் விவசாயிக்கு அது பெரிய வியாபாரமல்ல. எட்டுக் கடைக்கும் சேர்த்தால் 120 கிலோ. அவருக்கும் ஒரே கையில் விற்ற நிம்மதி; நமக்கும் ஏற்றுக்கூலி, வாடகை பிரிந்துவிடும். ஆனால் சில ஒழுங்குகள் வேண்டும். முத்திரையிட்ட தராசில் அவர் கண் முன்னே எடை போடுங்கள். ரொக்கமாகவோ வங்கி வழியாகவோ அன்றே பணம் தீர்த்துவிடுங்கள். "அடுத்த வாரம் அனுப்புகிறேன்" என்ற பேச்சு மலையில் வேண்டாம். சந்தை விலைக்குக் கீழே அடித்துப் பேசாதீர்கள். இடைத்தரகு மிச்சமாவதில் ஒரு பங்கு அவருக்குப் போனால்தான் அடுத்த ஆண்டும் நல்ல சரக்கை நமக்கென்று எடுத்து வைப்பார். கொள்முதல் சீட்டு எழுதி வைத்துக்கொள்ளுங்கள். வரிக் கணக்குக்கும் அது தேவை.

முதல் பயணத்திலேயே நிறைய வாங்கிக் குவிக்க வேண்டாம். கால் கிலோ, அரைக் கிலோ மாதிரி எடுத்து வந்து, கடையில் வைத்து, கேட்பவர்களுக்கு முகரக் கொடுங்கள். வாடிக்கையாளரின் தேவை தெரிந்த பிறகு இரண்டாம் முறை அளவோடு வாங்கலாம்.

பெயரைக் காப்போம்

பொட்டலத்தில் "கொல்லிமலை மிளகு" என்று ஒட்டினால் உள்ளே இருப்பது கொல்லிமலை மிளகாகவே இருக்க வேண்டும். கையிருப்புத் தீர்ந்ததும் வேறு மிளகை அதே பெயரில் அடைத்து விற்கிற ஆசை வரும். அன்றோடு நம் பயணத்தின் பலன் போய்விடும். 2006-ஆம் ஆண்டு உணவுப் பாதுகாப்புச் சட்டப்படியும் அது குற்றம். "அந்தச் சரக்கு முடிந்துவிட்டது, அடுத்து தை மாதம்தான் வரும்" என்று சொல்லுங்கள். அப்படிச் சொல்லும் கடையைத்தான் ஜனங்கள் நம்புவார்கள்.

ஊர்ப் பெயருக்கு இப்போது சட்டப் பாதுகாப்பும் உண்டு. புவிசார் குறியீட்டுச் சட்டம் 1999-இல் இயற்றப்பட்டு 2003-இல் நடைமுறைக்கு வந்தது. நம் மாநிலத்தில் சிறுமலை மலைவாழை, விருப்பாட்சி மலைவாழை, கொடைக்கானல் மலைப்பூண்டு, ஈரோட்டு மஞ்சள், 2023-இல் கம்பம் பன்னீர் திராட்சை, 2025-இல் நம் தஞ்சை மாவட்டத்துக் கும்பகோணம் வெற்றிலை என்று பட்டியல் வளர்கிறது. குறியீடு பெற்ற பொருளை விற்கும்போது அந்த ஊரிலிருந்து வந்தது என்பதற்குச் சீட்டு வைத்திருப்பது நமக்குப் பாதுகாப்பு.

அவர்களும் நம் ஊருக்கு வரட்டும்

கடைசியாக ஒன்று. நாம் மலைக்குப் போவது போல, வெளியூர்க்காரர்கள் நம்மிடம் வர என்ன தடை? காவிரிப் பாசனத்து நெல் நம் சொத்து. திருத்துறைப்பூண்டி பகுதியில் 'நெல்' ஜெயராமன் அவர்கள் 2018-இல் மறையும் வரை 170-க்கும் மேற்பட்ட பாரம்பரிய நெல் வகைகளைத் தேடிச் சேர்த்தார். ஆதிரெங்கத்தில் நடத்திய நெல் திருவிழாவில் 2 கிலோ விதை பெற்றுச் செல்லும் விவசாயி, அடுத்த ஆண்டு 4 கிலோவாகத் திருப்பித் தர வேண்டும் என்பது அவர் வைத்த ஏற்பாடு. அப்படிப் பரவிய மாப்பிள்ளைச் சம்பாவும், தூயமல்லியும், கருப்புக் கவுனியும் இன்று நகரத்துக் கடைகளில் நல்ல விலைக்குப் போகின்றன.

கல்லணையைப் பார்க்க வருகிறவர்கள் நம் பக்கத்திலேயே வந்து திரும்புகிறார்கள். அறுவடைக் காலத்தில் ஒரு களத்தையும், ஒரு அரவை ஆலையையும் காட்டி, நாலு வகை அரிசியைச் சோறாக்கி வாழையிலையில் வைத்து, "எது எந்த நெல்?" என்று சுவைக்கச் சொன்னால், அவர்கள் வெறுங்கையோடு போவார்களா? கொல்லிமலைக்குப் போகிறபோது நாலு படி சீரகச் சம்பாவை எடுத்துக்கொண்டு போய் அங்குள்ள வணிகர்களுக்குக் கொடுத்துவிட்டு, "அறுவடைக்கு எங்கள் ஊருக்கு வாருங்கள்" என்று அழைத்துவிட்டு வருவோம். வியாபாரம் இருபுறமும் நடக்கட்டும்.

எட்டுப் பேர், ஒரு வேன், ஒரு தராசு, ஒரு லிட்டர் அளவு, ஒரு நாள் கடையடைப்பு. செலவு இவ்வளவுதான். மாசிக்கு இன்னும் நாள் இருக்கிறது என்று தள்ளிப் போடாமல், உங்கள் கடைத்தெருவில் விருப்பமுள்ளவர்கள் இந்த வாரமே பேசி நாளைக் குறித்துக்கொள்ளுங்கள். சென்று வந்தவர்கள் எந்த ஊரில் எந்தச் சரக்கு நயமாக இருந்தது என்பதை மற்ற வணிகர்களுக்கும் சொல்லுங்கள். அடுத்த எட்டுப் பேருக்கு அது வழிகாட்டும்.